வீட்டுக் கடன் யாருக்கு மறுத்தாங்கங்கிற கணக்கை நம்ம மாவட்டத்துல பார்க்க முடியுமா?

பென்னாகரத்தான்:
வணக்கங்க. ஓசூர் சிப்காட்ல வேலை. பென்னாகரம் பக்கம் அப்பா பேர்ல இருக்கிற நத்தம் மனையில வீடு கட்ட ஒரு அரசு வங்கியில லோன் கேட்டேன். பட்டா, வில்லங்கம், சம்பளச் சிலிப்னு எல்லாத்தையும் வாங்கி வெச்சுக்கிட்டு, கடைசியில "அந்த ஏரியா நெகடிவ் தம்பி"ன்னு வாயாலயே சொல்லி அனுப்பிட்டாங்க, அதாவது கடன் குடுக்கத் தயங்குற ஏரியாவாம். எழுத்துல ஒண்ணும் இல்ல. என் கூட அதே சம்பளத்துக்கு வேலை பார்க்கிறவருக்கு ஓசூர் பக்கம் மத்திகிரியில லோன் ஆயிடுச்சு. அமெரிக்காவுல ஏரியா வாரியா எத்தனை பேருக்கு மறுத்தாங்கன்னு அரசாங்கமே வெளியிடுதாமே? இங்க அப்படி எதுவும் இருக்கா? ஆர்டிஐ போட்டா வருமா?

பழைய லெட்ஜர்:
தம்பி, தர்மபுரியில கடன் பிரிவுல இருந்து ரிட்டயர் ஆனவன் நான். அமெரிக்காவுல வீட்டுக் கடன் விவரத்தை வெளியிடச் சொல்ற அந்தச் சட்டம் 1975ல வந்துச்சு, ஹம்டான்னு (HMDA) சொல்வாங்க. முதல்ல குடுத்த கடனை மட்டும்தான் பகுதி வாரியா காட்டினாங்க. 1988ல அட்லாண்டா பத்திரிகை ஒண்ணு அதை வெச்சே கறுப்பர்கள் குடியிருக்கிற பக்கம் கடன் எப்படி வறண்டு கிடக்குன்னு எழுதிக் கிழிச்சுது. அடுத்த வருஷமே சட்டத்தைத் திருத்தி, மறுத்த மனு, கேட்டவரோட இனம், வருமானம் எல்லாத்தையும் பதியச் சொல்லிட்டாங்க.

நம்ம ரிசர்வ் வங்கியும் மாவட்ட வாரியா கடன் பாக்கி போடுது. ஆனா அது குடுத்த கடன். மறுத்ததுக்குக் கணக்கே இல்லியான்னா, இருக்கு! விவசாயம், சிறுதொழில் மாதிரி முன்னுரிமை குடுத்தே ஆகணும்னு சொன்ன கடன்களுக்கு மனு எப்ப வந்துச்சு, சாங்ஷனா ரிஜெக்டா, என்ன காரணம்னு பதிவேடு வெச்சே ஆகணும்னு ரிசர்வ் வங்கி உத்தரவு. சின்ன வீட்டுக் கடனும் அதுல சேரும். நானே எழுதியிருக்கேன். இன்ஸ்பெக்‌ஷனுக்கு வர்றவர் புரட்டிப் பார்த்து டிக் அடிச்சுட்டுப் போவார், அதோட பீரோவுக்குள்ள போயிடும். ஊருக்குக் காட்டணும்னு யாரும் சொல்லல.

ஆர்டிஐல பேர் எதுவும் கேக்காதீங்க, கேட்டா தனிநபர் தகவல் தர முடியாதுங்கிற 8(1)(j) பிரிவைக் காட்டி ஒரே வரியில முடிச்சுடுவாங்க. அந்தக் கிளையில ஒரு நிதியாண்டுல வந்த வீட்டுக் கடன் மனு எத்தனை, மறுத்தது எத்தனை, காரணம் வாரியா எத்தனை, இவ்வளவு கேளுங்க போதும். தனியார் வங்கின்னா ஆர்டிஐ சட்டம் செல்லாது.

காவேரிப்பட்டணம் மாங்கா:
வேலைக்காக அந்த ஹம்டா ஃபைலை இறக்கிப் பார்த்திருக்கேன் அண்ணா. யார் வேணா இறக்கலாம், காசு கிடையாது. ஒரு மனுவுக்கு ஒரு வரி. முடிவுங்கிற கட்டத்துல 3ன்னு இருந்தா மறுத்தாச்சு. பக்கத்துல காரணத்துக்கு ஒரு எண்: 1ன்னா வருமானத்துக்கு மேல கடன் சுமை, 4ன்னா அடமானச் சொத்து சரியில்ல. பேரும் வீட்டு விலாசமும் இருக்காது. தொகையைக்கூட மழுப்பித்தான் போடுவாங்க, 1,83,400 டாலர் கேட்டவர் வரியில 1,85,000ன்னு இருக்கும். ஆளைக் காட்டாம கணக்கைக் காட்ட முடியும்னு அதைப் பார்த்தாலே தெரியுது. இங்க கேட்டா மட்டும் உடனே வாடிக்கையாளர் ரகசியம்னு ஆரம்பிச்சுடறாங்க, எரிச்சலா வருது.

ஊத்தங்கரை மேஸ்திரி:
கணக்கு வந்தா செங்கல் வந்துடுமா? இவருக்கு இப்ப வேண்டியது லோன். வேற பேங்க்ல கேளுங்க சார். மனை அப்பா பேர்ல இருக்கறதால அவரையும் கூட்டுக் கடனாளியா சேருங்க.

பழைய லெட்ஜர்:
மேஸ்திரி சொல்றதும் சரிதான், அதையும் பண்ணுங்க. ஆனா அதுக்கு முன்னாடி மறுத்த காரணத்தை எழுத்துல வாங்கிடுங்க. எவ்வளவு தொகையா இருந்தாலும் முக்கிய காரணத்தை எழுத்துல தரணும்னு ரிசர்வ் வங்கி விதி இருக்கு, 2007லயே வந்தது. மேனேஜர் பேருக்கு ஒரு பக்கம் எழுதி, ஸ்பீட் போஸ்ட்ல போட்டு, போய்ச் சேர்ந்ததுக்கு அத்தாட்சி வாங்கி வைங்க. "நெகடிவ் ஏரியா"ன்னு கையெழுத்துப் போட்டு எழுதித் தர எந்த மேனேஜருக்கும் லேசுல மனசு வராது.

பென்னாகரத்தான்:
நன்றிங்க ஐயா. லெட்டரை இன்னிக்கு ராத்திரியே எழுதிடறேன். ஆர்டிஐயைக் கிளைக்கு அனுப்பணுமா, மண்டல அலுவலகத்துக்கா?

பழைய லெட்ஜர்:
மண்டல அலுவலகத்துக்கு. பொதுத் தகவல் அலுவலர்னு விலாசம் போடுங்க, பத்து ரூபா போஸ்டல் ஆர்டர் வைங்க.