ரைக் டெ கோயர்: எங்கே ஆரம்பிப்பது, எங்கே சறுக்கும்

டச்சு நகைச்சுவை நடிகர் ரைக் டெ கோயரைப் புதிதாகப் பார்க்கிறவர்கள் "ஜானி–ரைக்" துணுக்குகளில் ஆரம்பிப்பதே சரி. நெதர்லாந்தின் உத்ரெக்ட்டில் 1925-ல் பிறந்தவர். 1950-களில் ஆம்ஸ்டர்டாம்காரரான ஜான் (ஜானி) க்ராய்காம்ப்போடு ஜோடி சேர்ந்தார். கைதட்டல் பெரும்பாலும் க்ராய்காம்ப்புக்குத்தான் போகும். ஆனால் ஒருமுறையாவது அவரை விட்டுவிட்டு டெ கோயரை மட்டும் பாருங்கள். கேள்வியை வில்லங்கம் எதுவும் தெரியாத மனிதர் மாதிரி கேட்பார். பதிலுக்கு அரங்கம் வெடிக்கும்போது முகத்தில் ஒன்றும் ஓடாது. சிரிப்பு உச்சிக்குப் போய் இறங்க ஆரம்பிக்கும் இடத்தில் அடுத்த வரி வரும். கொஞ்சம் முந்தினால் வசனம் சத்தத்தில் அமுங்கிவிடும், பிந்தினால் கூட்டம் ஆறிவிடும். ஜோடியின் சிரிப்பு வசனத்துக்கு எடுத்துக் கொடுப்பவர் வேலை அவ்வளவு நுணுக்கமானது. அதற்கு உரிய பெயர் அவருக்குக் கிடைக்கத் தாமதமானது என்பதுதான் என் வருத்தம்.

*

தேடும்போது இரண்டு சிக்கல் வரும். டச்சில் "ஒய்" எழுத்தும் "ஐ-ஜே" ஜோடியும் ஒன்றுக்கொன்று மாறி எழுதப்படும். கோயர் பெயர் "ஒய்" போட்டது, க்ராய்காம்ப் பெயர் "ஐ-ஜே" போட்டது. பதிவேற்றியவர்கள் இஷ்டத்துக்கு மாற்றியிருப்பார்கள், அதனால் இரண்டு விதமாகவும் தட்டிப் பாருங்கள். அடுத்தது, க்ராய்காம்ப்பின் மகனும் அதே பெயரில் நடிகர். 1993-ல் தொடங்கிய "ஹெட் சொனச்சே இன் ஹவுஸ்" சீரியலில் அப்பாவும் மகனும் சேர்ந்தே நடித்தார்கள். அதில் டெ கோயரைத் தேடி ஏமாறாதீர்கள்.

பழைய ஒளிபரப்புகள் முழுதாகக் கிடைக்காது. அந்தக் காலத்தில் வீடியோ நாடா விலை அதிகம் என்பதால் அழித்து மறுபடி பயன்படுத்துவது வழக்கம். மிச்சமிருப்பதற்கு ஹில்வெர்சம் நகரிலுள்ள ஒலி-ஒளி ஆவணக் காப்பகம்தான் கதி.

*

டெ கோயரின் சினிமா பக்கத்தையும் விட்டுவிடக் கூடாது. 1972-ல் வந்த "டெ இன்பிரேக்கர்" படத்தில் அவர்தான் நாயகன். "சோல்டாட் ஃபான் ஒரான்யே" (1977) படத்தில் ஜெர்மன் உளவுத்துறை அதிகாரி. காமெடியன் என்று தெரிந்தே பார்த்தாலும் சிரிப்பு வராது. 1979-ல் "கிரைப்ஸ்ட்ரா, டெ கியர்" படத்தில் ருட்கர் ஹவருக்கு ஜோடியான துப்பறிவாளர். இங்கேயும் ஜானி–ரைக் பாடம்தான்: அழகான இளைஞர் ஓடுவார் ஆடுவார், பெரியவர் அசையாமல் நின்று காட்சியைப் பிடித்துக்கொள்வார். அதே ஆண்டு வெர்னர் ஹெர்ட்ஸோகின் "நோஸ்ஃபெராட்டு"விலும் நகர அதிகாரியாகச் சின்ன வேடம். அதற்காக மட்டும் அந்தப் படத்தைத் தேட வேண்டாம்.

ஒன்றே ஒன்று பார்க்க நேரம் இருந்தால் "ஹோக்ஸ்டே டைட்" (1995). ஹாரி மூலிஷ் நாவல், இயக்கம் ஃபிரான்ஸ் வைஸ். ஓய்ந்துபோன ஒரு பழைய மேடைக் கலைஞர். ஒரு நாடகத்தில் அவருக்குக் கிடைக்கும் வேடம் பழைய காலத்து நடிகர். அந்த நடிகர் கடைசியாக ஏற்கும் வேடம் ஷேக்ஸ்பியரின் பிராஸ்பெரோ. மூன்று அடுக்கையும் எழுபது வயதை ஒட்டிய டெ கோயர் தாங்குகிறார். முதல் அரைமணி நேரம் எது ஒத்திகை, எது வாழ்க்கை என்று குழம்பும், விட்டுவிடாதீர்கள். இதற்கு டச்சு சினிமா விருதான தங்கக் கன்று கிடைத்தது. அந்தச் சிலையை மார்ட்டன் ஸ்பான்யர் நடத்திய "டாக்ஸி" நிகழ்ச்சியில், ஓடும் காரின் ஜன்னல் வழியே வீசினார்.

*

அந்த வீச்சை வைத்தே அவரை நினைவு வைத்திருப்பது அநியாயம். "இன் ஃபோர் என் தேகன்ஸ்புட்" (1991–97) பாருங்கள். பிபிசியின் "டில் டெத் அஸ் டூ பார்ட்" தொடரின் டச்சு வடிவம். எல்லோரையும் திட்டித் தீர்க்கும் ஃப்ரெட் ஸ்ஹௌட் அவர்தான். அந்த மனிதன் பேசுவது அபத்தம் என்று நடிகர் கண்ணடித்துக் காட்டிவிட்டால் பாத்திரம் செத்துவிடும். டெ கோயர் அவன் பக்கமே நின்று நடித்தார். அன்றைய டச்சு அரசியல் தெரியாவிட்டால் பாதி வசனம் பிடிபடாது, ஆகவே நெதர்லாந்துக்குள் இருப்பவர்கள் மறுஒளிபரப்பில் டெலிடெக்ஸ்ட் (டிவி திரையில் எழுத்தாக வரும் சேவை) 888-ஆம் பக்கத்தைப் போட்டு டச்சு வரிகளோடு பாருங்கள்.

மொழியே தெரியாதவர்களுக்கு ரெயால் காப்பீட்டு விளம்பரங்கள் போதும். ஏதோ ஒன்று உடையும், நாசமாகும். அவர் "ஃபௌச்சே, பெடாங்க்ட்" (சின்னத் தப்பு, நன்றி) என்பார், அவ்வளவுதான். நாடு முழுக்க அந்த வசனத்தைச் சொல்லித் திரிந்தது. உடைந்த சாமானைப் பார்க்காமல், வசனத்துக்கு முன் அவர் விடும் இடைவெளியைக் கவனியுங்கள்.