6/8 = □/20: பெருக்கலாம், கூட்டக் கூடாது. ஏன்?

ஆறாப்பு அம்மா:
மகள் ஆறாவது படிக்கிறாள். 3/4 = □/20 கொடுத்தால் பட்டென்று 15 என்கிறாள். "நாலை அஞ்சால பெருக்கினா இருபது, அப்போ மூணையும் அஞ்சால பெருக்கணும்" என்று காரணமும் வருகிறது. அதே பிள்ளை 6/8 = □/20 என்றதும் நின்றுவிடுகிறாள். எட்டாம் வாய்ப்பாட்டில் 20 இல்லையே! யோசித்துவிட்டு, "எட்டோட 12 கூட்டினா 20, அப்போ ஆறோடயும் 12 கூட்டு" என்று 18 போட்டுவிட்டாள். தப்பு என்றால், "கீழே செய்யறதையே மேலேயும் செய்யணும்னு நீதானே சொன்னே?" என்கிறாள். நியாயமான கேள்வி. குறுக்கே பெருக்கு என்று சொல்லி வாயை அடைக்க எனக்கு இஷ்டமில்லை. எப்படிப் புரியவைப்பது?

சுருக்குவழி:
8 × □ = 6 × 20. 120ஐ எட்டால் வகுத்தால் 15. பரீட்சைக்கு இது போதுங்க. ஏன், எதற்கு எல்லாம் பெரிய வகுப்பு போனால் தானாகப் புரியும்.

சாக்பீஸ்:
புரியாது. பெரிய வகுப்புக்குத்தான் பாடம் எடுக்கிறேன். 1/2 + 1/3 என்று இருந்தாலும் குறுக்கே பெருக்கிவிட்டு உட்கார்ந்திருப்பார்கள். நடுவில் சமக்குறி இருக்கிறதா என்று யார் பார்க்கிறார்கள்?

அம்மா, 1/2க்கு மேலும் கீழும் 100 கூட்டச் சொல்லுங்கள். 101/102. பாதியாக இருந்தது ஏறக்குறைய முழுசாகிவிட்டது! நூறால் பெருக்கினால் 100/200, பாதி பாதியாகவே இருக்கும். 100/100 என்பது 1தானே, ஒன்றால் பெருக்கினால் மதிப்பு எப்படி மாறும்? கூட்டலுக்கு அந்தப் பாதுகாப்பு கிடையாது.

அப்புறம் 6/8ஐச் சுருக்கச் சொல்லுங்கள். 3/4 வந்துவிடும். மிச்சம் அவளுக்கே தெரிந்த கணக்கு.

குறுக்குப் பெருக்கல் மந்திரம் ஒன்றுமில்லை. இரண்டு பின்னங்களுக்கும் பகுதியை 160 ஆக்குங்கள். இந்தப் பக்கம் (6 × 20)/160, அந்தப் பக்கம் (8 × □)/160. பகுதி ஒன்றாகிவிட்டால் தொகுதிகளும் சமமாக இருந்தாக வேண்டும். 160ஐ எழுதாமல் விடுகிறோம், அவ்வளவுதான். பழங்காலக் கிரேக்கக் கணித மேதை யூக்ளிடே தன் 'எலிமெண்ட்ஸ்' நூலின் ஏழாம் புத்தகத்தில் 19ஆவது கூற்றாக இதை நிறுவியிருக்கிறார்: நான்கு எண்கள் விகிதசமத்தில் இருந்தால் முனைகளின் (முதல், கடைசி எண்களின்) பெருக்கற்பலனும் நடு எண்களின் பெருக்கற்பலனும் சமம்.

கீழ்மேல்:
ஒன்று சேர்த்துக்கொள்கிறேன். எப்போதும் பக்கவாட்டிலேயே பார்க்க வேண்டாம். 4/12 = □/39இல் 12க்கும் 39க்கும் ஒட்டாது. ஆனால் 4 என்பது 12இல் மூன்றில் ஒரு பங்கு. 39இலும் அதே பங்கு, 13. தெரியாத எண் கீழே வந்து, 9/□ = 6/14 என்று பயமுறுத்தினால் இரண்டு பக்கத்தையும் தலைகீழாக்கிவிடலாம்: □/9 = 14/6, அதாவது 7/3. விடை 21.

ஆறாப்பு அம்மா:
101/102 நன்றாக வேலை செய்தது. ஆனால் அவள் சுருக்கவே இல்லை! "எட்டை ரெண்டரையால பெருக்கினா 20, ஆறை ரெண்டரையால பெருக்கினா 15" என்று எழுதி நீட்டுகிறாள். இப்படிச் செய்யலாமா?

சாக்பீஸ்:
தாராளமாக. பூஜ்ஜியம் தவிர எந்த எண்ணாலும் பெருக்கலாம். அடுத்து 5/7 = □/10 கொடுங்கள். 50/7, அதாவது ஏழும் ஏழில் ஒன்றும். கட்டத்துக்குள் முழு எண்தான் உட்காரும் என்கிற நம்பிக்கையும் அதோடு போகட்டும்.