லம்பாசிக் கரையும் ஒரு வராகனும்

டர்பனில் நாணயம் சேர்க்கும் நண்பர் ஒருவர் என் உள்ளங்கையில் வைத்த பொற்காசு மோதிர விரல் நகத்தளவே இருந்தது. ஒரு புறம் தேய்ந்த பெருமாள். மறுபுறம் கேழ்வரகைத் தூவியது போன்ற புள்ளிகளுக்கு நடுவே ஐந்து முனை நட்சத்திரம். அவர் அதை ‘ஸ்டார் பகோடா’ என்றார். உடன் வந்த அப்பாவோ, “இது வராகன் அல்லவா? உன் ஆயா கஷாயத்துக்குச் சுக்கை வராகன் எடையில்தானே சொல்வார்கள்?” என்றார்.

அது ‘குரோவ்நர்’ கப்பலின் காசு என்று சொல்லி விற்கப்பட்டதாம். அப்படி விற்கப்படுபவை எல்லாம் அக்கப்பலினுடையவை என்று நான் நம்புவதில்லை. ஆனால் சென்னையில் சரக்கேற்றித் திருகோணமலையிலிருந்து 1782 ஜூனில் இங்கிலாந்துக்குப் புறப்பட்ட அந்தக் கிழக்கிந்தியக் கம்பெனிக் கப்பலில் வராகன்கள் இருந்தது உண்மை. கரை இன்னும் நெடுந்தொலைவில் இருப்பதாகக் கப்பல் தலைவர் காக்ஸன் கணக்கிட்டிருந்ததால், இரவில் மாலுமிகள் கண்ட நெருப்பொளிகளை ஒருவரும் பொருட்படுத்தவில்லை. ஆகஸ்ட் 4 விடியுமுன் கப்பல் தென்னாப்பிரிக்காவின் கிழக்குக் கரையிலுள்ள பொண்டோலாந்துப் பாறைகளில் மோதியது.

மோதலில் இறந்தவர்கள் சுமார் 15 பேர்தான். 120க்கும் மேற்பட்டோர் கரையேறிவிட்டார்கள். டச்சுக்காரர்களின் கேப் குடியேற்றம் சில வார நடையில் வந்துவிடும் என்று எண்ணி அவர்கள் கால்நடையாகப் புறப்பட்டதே பெருங்கேடாயிற்று. பசியிலும் நோயிலும் பிரிந்து சிதறியவர்களில் ஆறு மாலுமிகள் நவம்பரில் டச்சுக்காரர் பண்ணையொன்றை அடைந்தார்கள். பிறகு தேடிச் சென்ற குழு மேலும் 12 பேரை மீட்டது. அவர்களில் எழுவர் லஸ்கர்கள் எனப்பட்ட ஆசிய மாலுமிகள், இருவர் ஆயாக்கள். எங்கள் வீட்டில் ஆயா என்றால் பாட்டி; இவர்களோ பணிப்பெண்கள்.

சென்ற ஆண்டு அப்பாவுடன் லூசிகிசிகி என்ற ஊர் வழியாக, கப்பல் உடைந்த லம்பாசி விரிகுடாவுக்குப் போனேன். வழிகாட்டி கப்பலில் வந்த ஆங்கிலேயச் சீமாட்டிகளைப் பற்றியே விரிவாகச் சொன்னார். அப்பா தமக்குத் தெரிந்த சூலு மொழியில், “அந்த இரண்டு ஆயாக்களும் எந்த வழியாகப் போனார்கள்?” என்று கேட்டார். வழிகாட்டி சற்றுத் தயங்கிவிட்டு, புதையலுக்காகக் கடலடி நோக்கித் தோண்டப்பட்ட சுரங்கத்தின் வாயைக் காட்டினார். அப்பா அதை எட்டிப் பார்க்கவில்லை; கடலுக்கு முதுகைக் காட்டி நின்று, இங்கிருந்து கேப் டவுன் எந்தத் திசை என்று மட்டும் கேட்டார்.