பிரான்சில் அகதியாக வந்து நடிப்பில் நிலைப்பது: பார்த்ததும் அறிந்ததும்

எழுத்தாளர் ஷோபாசக்தி பிரான்சுக்கு வந்தது 1993இல். அவர் முதன்மை வேடத்தில் நடித்த 'தீபன்' கான் விழாவில் தங்கப்பனை வாங்கியது 2015இல். அதைப் பார்த்துவிட்டு, ஒரு படம் அமைந்தால் போதும் என்று நம்பி வருகிற பிள்ளைகள் நிறைய. வேடம் கிடைப்பதைவிட, நடித்த நாள் கணக்கில் ஏறுவதுதான் இங்கே பெரும் பாடு.

12 மாதத்துக்குள் 507 மணித்தியாலம் சேர்ந்தால்தான் வேலையில்லாத நாட்களுக்குக் கலைஞர் கொடுப்பனவு கிடைக்கும். ஒரு கஷே, அதாவது மணிக்கணக்கில்லாமல் மொத்தமாகத் தரும் நடிப்புச் சம்பளம், 12 மணித்தியாலமாகக் கணக்கிடப்படும். 42 கஷே செய்தால் 504தான். மூன்று மணித்தியாலத்தால் தவறிப்போகும். 43 வேண்டும். ஒத்திகை நாட்களைச் சும்மா விட்டுவிடாதீர்கள், அதுவும் சம்பளத்தோடு பதியப்பட வேண்டிய வேலை. கையில் காசு தருகிறோம் என்றால் அந்த நாள் எந்தக் கணக்கிலும் வராது. தயாரிப்பாளர் மாதாமாதம் தரவேண்டிய சான்றிதழை அந்த மாதமே கேட்டு வாங்குங்கள். சின்னக் கம்பனிகள் படம் முடிந்ததும் கலைந்துவிடும், பிறகு கேட்க ஆள் இருக்காது.

•

கணக்கு சரி, அதற்கு முதல் கார்ட், அதாவது வதிவிட அட்டை. அகதி விண்ணப்பங்களைத் தீர்மானிக்கும் அரச அலுவலகமான ஒஃப்ப்ரா (OFPRA) அகதி அந்தஸ்து தந்துவிட்டால் வேலைக்குத் தனி அனுமதி தேவையில்லை. அகதி வழக்கு நடக்கும்போது அப்படியில்லை: ஆறு மாதமாகியும் முடிவு வராவிட்டால் மட்டுமே விண்ணப்பிக்கலாம், அதுவும் வேலை தருபவர் வழியாக. இரண்டு நாள் வேடத்துக்கு எந்தத் தயாரிப்பும் அதற்காகக் காத்திருக்காது.

பெயரையும் பாருங்கள். எங்கள் ஆட்களின் காகிதங்களில் தகப்பன் பெயர் ஓரிடத்தில் குடும்பப் பெயராகவும் இன்னோரிடத்தில் முதற்பெயராகவும் கிடக்கும். கார்டில் உள்ள எழுத்துக்கூட்டல்தான் ஒப்பந்தத்திலும் இருக்க வேண்டும். மேடைப் பெயர் போஸ்டருக்கு மட்டும்.

பாரிசில் 2017இல் தொடங்கிய 'நாடுகடந்த கலைஞர்கள் பட்டறை' (Atelier des artistes en exil) இப்படி வந்த கலைஞர்களுக்காகவே இயங்குகிறது. தனியாக அலையாமல் அங்கே போய்க் கதையுங்கள்.

•

வீடியோ ஒடிசன் பற்றியும் சொல்லவேண்டும். போனைக் கிடையாக வைத்து, லென்ஸ் கண் மட்டத்தில், நெஞ்சுக்கு மேலே மட்டும் படத்தில் தெரியட்டும். ஜன்னல் வெளிச்சம் முகத்தில் விழவேண்டும், முதுகில் அல்ல. எதிர் வசனம் வாசிப்பவர் போனை ஒட்டி நிற்பார். அவர் குரல் பெரிதாகவும் உங்கள் குரல் சின்னதாகவும் பதியும். அதனால் அவர் தணித்து வாசிக்கட்டும். அவரைப் பார்த்துப் பேசுங்கள், லென்சைப் பார்க்கவேண்டாம்.

பிரெஞ்சு வசனத்தை ஒலியாக மனப்பாடம் செய்தவர் இயக்குநர் ஒரு சொல்லை மாற்றியதும் நின்றுவிடுகிறார். பொருளைப் பிடித்துக்கொண்டவர் தன் உச்சரிப்போடேயே தாண்டிவிடுகிறார்.

ஒப்பந்தத்தில் படப்பிடிப்பு எந்த நாட்டில் என்றும் பாருங்கள். அகதிப் பயணப் பத்திரம் சொந்த நாட்டுக்குச் செல்லாது, போனால் அந்தஸ்தே கேள்விக்குள்ளாகலாம். மற்ற நாடுகளுக்கும் விசா கேட்கக்கூடும். கையெழுத்துக்கு முதலே தயாரிப்புக் காரியாலயத்தில் சொல்லிவிடுங்கள்.