கிராஃபிக்ஸ் கார்டு மாற்றிய பின் பின்பால் கேபினட்டின் பாப்பர் மெனு: வீல் பாதி, பேக்கிளாஸ் இடம் மாறி, வலது ஃபிளிப்பருக்கு இரண்டு தாவல்

வெள்ளிக்குண்டு:

மூணு திரை விர்ச்சுவல் பின்பால் கேபினட் (கம்ப்யூட்டரில் பின்பால் ஆடுற பெட்டி). ப்ளேஃபீல்டு (பந்து ஓடுற, படுத்த திரை) 43 இன்ச் 4கே டிவி, பேக்கிளாஸ் (நிமிர்ந்து நிக்கிற படத் திரை) 1920×1080, டிஎம்டிக்கு (ஸ்கோர் காட்டுற புள்ளித் திரை) 1366×768 லேப்டாப் பேனல். விண்டோஸ் 11, டேபிளை (ஒவ்வொரு பின்பால் ஆட்டத்தை) தேர்ந்தெடுக்கிற மெனு நிரல் பின்அப் பாப்பர், டேபிளை ஓட்டுற விஷுவல் பின்பால் எக்ஸ் (விபிஎக்ஸ்) 10.8 (64 பிட்). கிராஃபிக்ஸ் கார்டும், பந்தை அடிக்கவும் மெனுவை நகர்த்தவும் இருக்கிற இரண்டு ஃபிளிப்பர் பட்டனோட லீஃப் ஸ்விட்ச்சும் (உலோக இலைகள் தொட்டா இயங்குற சுவிட்ச்) புதுசு. விபிஎக்ஸும் 10.7-லிருந்து இப்பதான் ஏத்தினது. இப்போ மெனுவில் நாலு கோளாறு:

ஒண்ணு, ப்ளேஃபீல்டில் மெனு ஊதிப் பெருசா வருது. ஆடுறவர் பக்கம் இருக்க வேண்டிய வீல் (டேபிள் பெயர்ப்படங்கள் சுத்துற வரிசை) பாதி திரைக்கு வெளியே.

ரெண்டு, பேக்கிளாஸ் படம் டிஎம்டி பேனலில் வருது, அதுவும் வலதும் கீழும் வெட்டுப்பட்டு. பேக்கிளாஸ் திரையில் வெறும் வால்பேப்பர். டிஎம்டி படம் எங்கேயும் காணோம்.

மூணு, டேபிள் ஓடும்போது எக்ஸிட் பட்டன் எதுவும் செய்யறதில்லை. கீபோர்டில் க்யூ அழுத்தி வெளியே வந்தாலும், மவுஸால ஒரு தடவை கிளிக் பண்ணாத வரைக்கும் மெனு அசையாது.

நாலு, வலது ஃபிளிப்பர் ஒரு தடவை அழுத்தினா ரெண்டு டேபிள் தாவுது. இடது பக்கம் ஒழுங்கா ஒண்ணு ஒண்ணாத்தான் போகுது.

பாப்பருக்குத் திரை இடம் சொல்ற பின்அப்பிளேயர்.ஐஎன்ஐ கோப்பை நான் தொடவே இல்லை. பேக்கிளாஸுக்கு எக்ஸ் 3840, ஒய் 0ன்னு பழையபடியே இருக்கு. பாப்பரை அழிச்சிட்டு மறுபடி போடணுமா?

டில்ட்ஆகாதவர்:

அழிக்க வேண்டாம் பாஸ். பாப்பரில் எதுவும் கெடவில்லை. முதல் இரண்டும் விண்டோஸ் திரை அமைப்பு, மூன்றாவது அட்மின் உரிமை. நான்காவதைக் கடைசியில் பார்ப்போம், அதற்குக் காரணம் வேறாகத்தான் இருக்கும்.

முதலில் ஸ்கேலிங். புது கார்டில் செருகியதும் விண்டோஸ் அந்த டிவியைப் புதுத் திரையாக எடுத்துக்கொண்டு, 4கே என்பதால் 150 சதவீதமோ அதற்கு மேலோ தானாகவே வைத்திருக்கும். 150 சதவீதத்தில், ஸ்கேலிங் அறியாத ஒரு நிரலுக்கு 3840×2160 திரை 2560×1440 ஆகத்தான் தெரியும். அது 3840 அகலத்துக்கு ஜன்னல் கேட்டால் மூன்றில் இரண்டு பங்குதான் திரைக்குள் அடங்கும். டிவி படுத்திருக்கிறது, எனவே நமக்குக் கீழ்ப்பக்கம் என்பது விண்டோஸுக்குப் பக்கவாட்டு ஓரம். வீல் அங்கேதான் இருக்கிறது, வெட்டும் அங்கேதான் விழுகிறது.

செட்டிங்ஸ், சிஸ்டம், டிஸ்ப்ளே. மூன்று திரையையும் ஒவ்வொன்றாகத் தேர்ந்தெடுத்து ஸ்கேல் 100 சதவீதம் வையுங்கள். மூன்றுக்கும் வைக்க வேண்டும், ப்ளேஃபீல்டுக்கு மட்டும் போதாது. பிறகு சைன் அவுட் செய்து திரும்ப வாருங்கள். இதை முடிக்காமல் வேறு எந்த எண்ணையும் நம்பாதீர்கள், ஸ்கேலிங் இருக்கும்வரை எக்ஸ், ஒய் கணக்கு எல்லாமே பொய்.

அடுத்து திரை வரிசை. பின்அப்பிளேயர்.ஐஎன்ஐ திரையின் பெயரையோ எண்ணையோ பார்ப்பதில்லை. மொத்த டெஸ்க்டாப்பையும் ஒரே பெரிய வரைபடத் தாளாக எடுத்துக்கொண்டு, அதில் பிக்சல் இடம் மட்டும் சொல்கிறது. மெயின் டிஸ்ப்ளேயின் இடது மேல் மூலைதான் 0,0. உங்கள் கோப்பில் பேக்கிளாஸ் 3840-இல் தொடங்குகிறது, அதாவது ப்ளேஃபீல்டு முடிந்ததும் வலப்பக்கம். இப்போது அந்த இடத்தில் டிஎம்டி பேனல் உட்கார்ந்திருக்கிறது. 1920×1080 படம் 1366×768 பேனலில் விழுந்தால் வலதும் கீழும் வெட்டுப்படாமல் என்ன செய்யும்? நிஜ பேக்கிளாஸ் திரையை விண்டோஸ் இடப்பக்கம் தள்ளியிருக்கும், அதன் எக்ஸ் இப்போது -1920 ஆக இருக்கும். டிஎம்டி படம் 5760-இல் வரையப்படுகிறது, அங்கே திரையே இல்லை.

டிஸ்ப்ளே பக்கத்தில் பெட்டிகளை இழுத்து இடமிருந்து வலமாக ப்ளேஃபீல்டு, பேக்கிளாஸ், டிஎம்டி என்று வையுங்கள். மூன்றின் மேல் விளிம்பும் ஒரே கோட்டில் இருக்க வேண்டும். பேக்கிளாஸைக் கீழ் விளிம்போடு ஒட்டிவிட்டால் அதன் ஒய் 2160 கழித்தல் 1080, அதாவது 1080 ஆகிவிடும், படம் திரைக்கு மேலே அந்தரத்தில் போய் நிற்கும். ப்ளேஃபீல்டைத் தேர்ந்தெடுத்து ‘மேக் திஸ் மை மெயின் டிஸ்ப்ளே’ போடுங்கள். விண்டோஸ் 1, 3, 2 என்று எண் காட்டினாலும் கவலைப்படாதீர்கள், இங்கே அந்த எண்ணுக்கு மதிப்பில்லை. ஓரியன்டேஷன் லேண்ட்ஸ்கேப்பாகவே இருக்கட்டும். விண்டோஸிலும் சுழற்றி, பாப்பரிலும் சுழற்றினால் மெனு தலைகீழாகவோ குறுக்காகவோ வரும்.

சரியாக வந்தால் கணக்கு இப்படி: ப்ளேஃபீல்டு 0,0. பேக்கிளாஸ் 3840,0. டிஎம்டி 5760,0, அகலம் 1366, உயரம் 768. கோப்பில் இன்ஃபோ3 ப்ளேஃபீல்டு, இன்ஃபோ2 பேக்கிளாஸ், இன்ஃபோ1 டிஎம்டி, இன்ஃபோ5 ஃபுல் டிஎம்டி. எதையாவது திருத்துவதாக இருந்தால் முதலில் டாஸ்க் மேனேஜரில் பின்அப்மெனு, பின்அப்பிளேயர், பின்அப்டிஸ்ப்ளே மூன்றும் ஓடவில்லை என்று பார்த்துக்கொள்ளுங்கள். பழைய கோப்பை ஒரு பிரதி எடுத்து வைப்பதும் நல்லது.

மூன்றாவது கோளாறுக்கு: டாஸ்க் மேனேஜர், டீடெய்ல்ஸ் பக்கம், மேலே உள்ள நெடுவரிசைத் தலைப்பில் வலது கிளிக், செலக்ட் காலம்ஸ், ‘எலிவேட்டட்’ என்பதை டிக் செய்யுங்கள். ஒரு டேபிளை ஓட விட்டு பின்அப்மெனு, விபின்பால்எக்ஸ்64 இரண்டுக்கும் எதிரே என்ன வருகிறது என்று சொல்லுங்கள். ஒன்றுக்கு யெஸ், ஒன்றுக்கு நோ என்றால் விஷயம் அதுதான். அட்மின் உரிமையில் ஓடும் ஜன்னலுக்கு, அந்த உரிமை இல்லாத நிரல் செய்தி அனுப்ப விண்டோஸ் விடாது, அதை மூடவும் விடாது. பாப்பர் ‘எக்ஸிட் எமுலேட்டர்ஸ்’ கட்டளையை அனுப்புகிறது, கதவு திறப்பதில்லை. க்யூ நேராக விபிஎக்ஸுக்கே போவதால் அது மட்டும் வேலை செய்கிறது.

விபிஎக்ஸ் கோப்பில் வலது கிளிக், ப்ராப்பர்ட்டீஸ், கம்பேட்டிபிலிட்டி, ‘ரன் திஸ் ப்ரோக்ராம் ஆஸ் அன் அட்மினிஸ்ட்ரேட்டர்’ டிக்கை எடுங்கள். 10.8-இல் எக்ஸ்இ பல பெயரில் வருகிறது (64 பிட், ஜிஎல், ஜிஎல் 64 பிட்), நீங்கள் பயன்படுத்தும் ஒவ்வொன்றிலும் பாருங்கள். யூஏசி (அட்மின் அனுமதி கேட்கும் பெட்டி) எச்சரிக்கையை ‘நெவர் நோட்டிஃபை’யில் வைத்திருந்தால் எந்தக் கேள்வியும் கேட்காமல் அட்மினாக ஏறிவிடும், அதனால்தான் பலருக்கு இது கண்ணிலேயே படுவதில்லை.

ஸ்க்ரூடிரைவர்:

மேலே சொன்னதோட ரெண்டு சேர்க்கணும்.

பாப்பரைச் சரி பண்ணினா மெனு சரியாகும். டேபிள் உள்ளே போனதும் பேக்கிளாஸ் மறுபடி தப்பா வரலாம், ஏன்னா டேபிள் ஓடும்போது பேக்கிளாஸ் காட்டுற பி2எஸ் நிரல் தன் இடத்தை ஸ்க்ரீன்ரெஸ்.டிஎக்ஸ்டி கோப்பிலிருந்து எடுக்குது. கருத்து வரிகளை விட்டுட்டு எண்ணினா ஐந்தாவது வரி பேக்கிளாஸ் திரை எண். இங்கே விண்டோஸ் எண்ணுக்கு மதிப்பு இருக்கு, கார்டு மாத்தினா அது மாறும். எண்ணுக்குப் பதிலா @3840 போட்டுடுங்க, எக்ஸ் 3840-இல் தொடங்குற திரைன்னு அர்த்தம், எண் எப்படி மாறினாலும் பாதிக்காது. டிஎம்டி படம் வரையுற டிஎம்டி எக்ஸ்டென்ஷன்ஸ் நிரல் இருந்தா டிஎம்டிடிவைஸ்.ஐஎன்ஐ-யில் விர்ச்சுவல்டிஎம்டி பகுதியில் லெஃப்ட், டாப் ரெண்டும் பாருங்க. விபிஎக்ஸ் வீடியோ ஆப்ஷன்ஸில் எந்தத் திரை தேர்வாகியிருக்குன்னும் ஒரு பார்வை.

ரெண்டாவது, இன்னைக்குச் சரியாகி நாளைக்குக் காலையில் மறுபடி கலையும். டிவி விழிக்க நேரம் எடுக்கும், பிசி அதுக்கு முன்னாடியே டெஸ்க்டாப்புக்கு வந்துடும். அந்த நேரத்தில் பாப்பர் தொடங்கினா இல்லாத திரையில் மெனு வரையும். டிஸ்ப்ளேபோர்ட்டில் மாட்டின மானிட்டரை அணைச்சாலே திரை கழன்றுபோன மாதிரி விண்டோஸ் எடுத்துக்கிறது சகஜம். பாப்பரைத் தாமதமாத் தொடங்க வையுங்க.

இடதுவிரல்:

விண்டோஸ் டாஸ்க் ஷெட்யூலரில் அட் லாக் ஆன் (உள்நுழைஞ்சதும்), டிலே 30 செகண்ட் போட்டாப் போதுமே? என் பரிந்துரை அதுதான்.

ஸ்க்ரூடிரைவர்:

போதாது, அதில் ஒரு பொறி இருக்கு. டாஸ்க் ஷெட்யூலர் தொடங்குற வேலைக்கு இயல்பா ப்ரயாரிட்டி 7, அதாவது சாதாரணத்துக்கு ஒரு படி கீழே. பாப்பர் அப்படித் தொடங்கினா, அதுலேர்ந்து கிளம்புற விபிஎக்ஸுக்கும் அதே கீழ்ப்படிதான் கிடைக்கும். அப்புறம் பந்து திக்குது, வீடியோ திணறுதுன்னு கார்டைத் திட்டிக்கிட்டு இருப்பாங்க. ஷெட்யூலர்தான் வேணும்னா டாஸ்க்கை எக்ஸ்எம்எல்-ஆ எக்ஸ்போர்ட் பண்ணி, ப்ரயாரிட்டி 7-ஐ 5 ஆக்கி, திரும்ப இம்போர்ட் பண்ணணும். ‘ரன் வித் ஹையஸ்ட் ப்ரிவிலேஜஸ்’ டிக் வேண்டாம், போட்டா பாப்பரும் அதன் பிள்ளைகளும் எல்லாம் அட்மின் ஆகிடும்.

சுலபமான வழி: ஸ்டார்ட்அப் ஃபோல்டரில் மூணு வரி பேட்ச் கோப்பு (கட்டளைகளை வரிசையா ஓட்டுறது). முதல் வரியில் டைம்அவுட் 20 வினாடி. ரெண்டாவதில் மல்ட்டிமானிட்டர்டூல்ங்கிற திரை அமைப்புக் கருவியை வெச்சு, திரைகள் சரியா இருக்கும்போது சேமிச்ச அமைப்பை லோட்கான்ஃபிக் மூலம் திரும்ப ஏத்துறது. மூணாவதில் பின்அப்மெனு. அந்தக் கருவியில் ஒவ்வொரு திரையோட இடமும் எண்ணாவே தெரியும், டிஸ்ப்ளே பக்கத்தில் கண்ணால நேர் பார்க்கிறதை விட நம்பகம். ஒய் 0-க்குப் பதிலா 11, 37ன்னு நின்னுட்டிருக்கிறது அங்கேதான் பிடிபடும்.

இடதுவிரல்:

ப்ரயாரிட்டி விஷயம் சரி. நானும் ஒண்ணு சொல்றேன், மெனுவுக்கு நேரடியாச் சம்பந்தம். விபிஎக்ஸ் இயல்புப்படி ஃபிளிப்பர் ரெண்டும் இடது ஷிஃப்ட், வலது ஷிஃப்ட். பாப்பரிலும் அதையே வீல் நகர்த்த வெச்சிருந்தா, வேகமா அஞ்சு தடவை தட்டினதும் விண்டோஸ் ஸ்டிக்கி கீஸ் கேள்விப்பெட்டியைத் திறக்கும். வலது ஷிஃப்டை 8 வினாடி அழுத்திப் பிடிச்சா ஃபில்டர் கீஸ். பெட்டி மெனுவுக்குப் பின்னாடி மறைஞ்சு நிக்கும், ஃபோகஸ் அதுகிட்ட போயிடும், மெனு செத்த மாதிரி இருக்கும். அக்சஸிபிலிட்டி, கீபோர்ட் பகுதியில் ரெண்டோட ஷார்ட்கட்டையும் அணைச்சிடுங்க. அம்சத்தை மட்டும் அணைச்சாப் பத்தாது.

கேபினட் பிசியில் தமிழ் விசைப்பலகை போட்டிருக்கிறவங்களுக்கு இன்னொண்ணு. மேக்னாசேவ் (காந்தத்தால பந்தைக் காப்பாத்துற பட்டன்) இடது கன்ட்ரோல், ஃபிளிப்பர் இடது ஷிஃப்ட். ரெண்டும் ஒண்ணா அழுந்தினா, ஒரே மொழியில் ரெண்டு லேஅவுட் இருக்கிறப்போ விண்டோஸ் அடுத்ததுக்கு மாறும். ஃபோனெடிக் மாதிரி ஐஎம்இ (தட்டினதை வேற எழுத்தா மாத்துற நிரல்) வந்துட்டா எழுத்துச் சாவிகளை அதுவே முதல்ல வாங்கிக்கும். அட்வான்ஸ்டு கீபோர்ட் செட்டிங்ஸ், இன்புட் லாங்குவேஜ் ஹாட் கீஸ், மொழி மாத்த, லேஅவுட் மாத்தன்னு இருக்கிற ரெண்டுக்கும் ‘நாட் அசைன்டு’. இல்லைன்னா அந்த பிசியில் ஆங்கிலம் மட்டும் வெச்சுக்கலாம், கேபினட்டில் யாரும் கடிதம் எழுதப்போறதில்லை.

வெள்ளிக்குண்டு:

எல்லாருக்கும் நன்றி. ஸ்கேல் 150-ல் இருந்தது, 100 ஆக்கினதும் வீல் முழுசா வந்துடுச்சு. பேக்கிளாஸ் நிஜமாவே -1920-ல் இருந்தது. இழுத்து வெச்சதும் மூணு திரையும் சரி. விபின்பால்எக்ஸ்64-க்கு எலிவேட்டட் யெஸ், பின்அப்மெனுவுக்கு நோ. டிக்கை எடுத்ததும் எக்ஸிட் பட்டன் வேலை செய்யுது, மெனுவும் உடனே அசையுது.

பாக்கி இருக்கிறது வலது ஃபிளிப்பர் ரெண்டு தாவல் மட்டும். எல்லாம் ஜாய்ஸ்டிக் பட்டனாத்தான் போகுது, அதைக் கீபோர்டு சாவியா மாத்துற ஜாய்டூகீ நிரல் ஓடலை. இன்னொரு சின்ன விஷயம், மெடீவல் மேட்னஸ் டேபிள் மட்டும் வீலில் படம் இல்லாம வெறும் எழுத்தா வருது.

டில்ட்ஆகாதவர்:

வீல் படம்: பாப்பர் மீடியாவைத் தேடுவது கேம்ஸ் மேனேஜரில் உள்ள கேம்நேம் புலத்தை வைத்து. திரையில் தெரியும் பெயரையும் விபிஎக்ஸ் கோப்புப் பெயரையும் அது பார்ப்பதில்லை. பாப்மீடியா, விஷுவல் பின்பால் எக்ஸ், வீல் ஃபோல்டருக்குள் அதே பெயரில் பிஎன்ஜி இருக்க வேண்டும். கேம்நேம் ‘மெடீவல் மேட்னஸ் (வில்லியம்ஸ் 1997)’ என்றால் அடைப்புக்குறிக்கு முன்னுள்ள இடைவெளி வரை ஒத்துப்போகணும். அடிக்கடி நடப்பது: எக்ஸ்ப்ளோரரில் நீட்டிப்பு மறைந்திருக்க, கையால் பெயர் மாற்றி .பிஎன்ஜி.பிஎன்ஜி ஆகிவிடுவது. டேபிளின் புதுப் பதிப்பு போடும்போது பதிவை அழித்து மறுபடி சேர்க்காமல், கேம்ஃபைல்நேம் மட்டும் மாற்றுங்கள். மீடியா, ஃபேவரிட் எல்லாம் அப்படியே நிற்கும். டைரக்ட்பி2எஸ் கோப்புக்கு (பேக்கிளாஸ் படக் கோப்பு) மட்டும் புது விபிஎக்ஸ் பெயரையே வைக்க வேண்டும்.

வலது ஃபிளிப்பர்: ஜாய்.சிபிஎல் (விண்டோஸின் ஜாய்ஸ்டிக் சோதனைப் பக்கம்) திறந்து, பட்டன்களைக் கணினியோடு இணைக்கும் உங்கள் என்கோடரின் ப்ராப்பர்ட்டீஸுக்குப் போங்கள். பட்டனை மிக மெதுவாக, பாதி தூரம் மட்டும் அழுத்தி நிறுத்துங்கள். எத்தனை விளக்கு எரிகிறது? பிறகு அடிவரை அழுத்துங்கள்.

வெள்ளிக்குண்டு:

பாதியில் 8 எரியுது. அடி வரைக்கும் போனா 8-ஓட 14-ம் எரியுது. இடது பக்கம் 7 மட்டும்தான்.

டில்ட்ஆகாதவர்:

வலப்பக்கம் வந்திருப்பது இரட்டைத் தொடர்பு லீஃப் ஸ்விட்ச். மேல் ஃபிளிப்பர் உள்ள டேபிள்களுக்காக, முதல் இலை பாதியிலும் இரண்டாவது இலை அடியிலும் தொடும். பாப்பரின் கன்ட்ரோலர் செட்டப்பில் கேம் நெக்ஸ்ட்டுக்கு (அடுத்த டேபிள்) 8, அதே வேலைக்கு 14-ம் பதிவாகியிருக்கும். 14-ஐ அங்கிருந்து நீக்குங்கள், 8 மட்டும் இருக்கட்டும். கம்பியை வெட்ட வேண்டாம், விபிஎக்ஸ் 10.8-இல் ஸ்டேஜ்டு ஃபிளிப்பருக்கு (இரண்டு கட்டமாக அழுத்துவது) தனி இடம் இருக்கிறது, 14-ஐ அங்கே வலதுக்குக் கொடுக்கலாம்.

14-ஐ நீக்கிய பிறகும் இரண்டாகத் தாவினால் முதல் இலை துள்ளுகிறது என்று அர்த்தம். இலைகளுக்கு நடுவே வெள்ளைத் தாள் ஒன்றை வைத்து, பட்டனை லேசாக அழுத்தியபடி தாளை இழுங்கள், தாளில் கறுப்பு வந்தால் வராத வரை திரும்பச் செய்யுங்கள். உப்புத்தாள் வேண்டாம், முலாம் போய்விடும். பிறகு இடைவெளியை 1 முதல் 2 மில்லிமீட்டருக்குள் வளைத்து வையுங்கள்.

வெள்ளிக்குண்டு:

14 நெக்ஸ்ட்டில் இருந்தது, எடுத்தாச்சு. ஒரு அழுத்துக்கு ஒரு டேபிள். வீல் படமும் .பிஎன்ஜி.பிஎன்ஜி தான்.