ஆரைக்கீரையும் அசீமா சாட்டர்ஜியும்

*குழு: ஈசூன் குடும்பம்*

நான்: அத்தை, தமிழ் வகுப்பில் ஒரு விஞ்ஞானியைப் பற்றிப் பேச வேண்டும். எனக்கு வந்தது அசீமா சாட்டர்ஜி. வேதியியலாளர், நாடாளுமன்ற உறுப்பினர் என்று போட்டிருக்கிறது. அரசியல்வாதியா?

பெரியப்பா: இல்லைம்மா. இந்தியாவில் மாநிலங்களவைக்குக் குடியரசுத் தலைவர் 12 பேரை நியமிக்கலாம். கலை, இலக்கியம், அறிவியல், சமூக சேவை என்று பேர் எடுத்தவர்கள். நம் சிங்கப்பூர் நியமன எம்.பி. மாதிரி என்று வைத்துக்கொள். இங்கே பதவிக்காலம் இரண்டரை ஆண்டு. அசீமா மாநிலங்களவையில் 1982 முதல் 1990 வரை இருந்தார்.

அத்தை: அண்ணா சொல்வது சரி. ஆனால் யாழினி, பேச்சை அந்தப் பதவியில் ஆரம்பிக்காதே. அவையில் சேரும்போது அவருக்கு வயது 64. அதற்குள் செய்ய வேண்டியதை எல்லாம் செய்து முடித்திருந்தார். ஆரைக்கீரையில் ஆரம்பி.

நான்: அது என்ன கீரை?

அம்மா: பாட்டி ஊரில் வயல் ஓரமாகத் தண்ணீரில் முளைக்குமே, ஒரு காம்பின் உச்சியில் நாலு இலை. பூவே பூக்காது.

அத்தை: அதேதான். அந்தக் கீரையிலிருந்துதான் வலிப்பு நோய்க்கு மருந்து செய்தார். ஆயுஷ்-56 என்று பெயர். ஏழிலைப்பாலை, கடுகுரோகிணி முதலியவற்றிலிருந்து மலேரியாவுக்கும் ஒரு மருந்து. வைத்தியர் இடித்துக் கொடுக்கும் மூலிகையில் வேலை செய்வது எந்தப் பொருள், அதன் மூலக்கூறு எப்படி இருக்கிறது என்று பிரித்துப் பார்த்தவர். ஆய்வகத்தில் போதிய வேதிப்பொருளும் கிடையாது, கருவியும் கிடையாது. மாதிரிகளை வெளிநாட்டுக்கு அனுப்பிச் சோதிக்கக் கைக்காசைச் செலவழித்திருக்கிறார். எனக்கு அவரைப் பிடிப்பதே அதற்காகத்தான்.

பெரியப்பா: 1944ல் கல்கத்தாவில் டி.எஸ்சி. என்ற அறிவியல் முனைவர் பட்டம். 1947ல் கைக்குழந்தையோடு அமெரிக்கா போய் ஆராய்ச்சி. 1961ல் அறிவியலுக்கான பட்நாகர் விருது, அதை வாங்கிய முதல் பெண். 1975ல் பத்ம பூஷண், அதே ஆண்டு இந்திய அறிவியல் மாநாட்டின் முதல் பெண் தலைவர்.

அத்தை: அண்ணா, இதை அப்படியே ஒப்பித்தால் வகுப்பே தூங்கிவிடும்.

நான்: நித்தியகல்யாணியிலிருந்து புற்றுநோய் மருந்து கண்டுபிடித்தது இவர்தான் என்று ஒரு வீடியோவில் சொன்னார்கள். நம் வீட்டுத் தாழ்வாரத்துத் தொட்டியில் இருக்கிறதே, அந்தச் செடி.

அத்தை: அதை எழுதாதே. அந்தச் செடியில் உள்ள ஆல்கலாய்டு என்ற வேதிப்பொருள்களை அவர் வெகுகாலம் ஆராய்ந்தார், அது உண்மை. ஆனால் அதிலிருந்து வரும் புற்றுநோய் மருந்தான வின்பிளாஸ்டினை 1950களில் பிரித்தெடுத்தவர்கள் கனடாக்காரர்கள். அவர் செய்ததே தாராளம், அடுத்தவர் வேலையையும் அவர் தலையில் கட்ட வேண்டாம்.

நான்: சரி அத்தை. நாலு இலைக் கீரைப் படத்தைக் காட்டி ஆரம்பிக்கிறேன். எம்.பி. ஆனதைக் கடைசியில் ஒரு வரி.

அம்மா: அண்ணி, இந்தக் கீரையைச் சமைத்துச் சாப்பிட்டாலே வலிப்பு நின்றுவிடுமா?

அத்தை: ஐயோ, நிற்காது! யாழினி, இதையும் பேச்சில் சொல்லிவிடு. கீரை வேறு, அதிலிருந்து பிரித்துச் செய்த மருந்து வேறு. டாக்டர் கொடுத்த மாத்திரையை யாரும் நிறுத்தக் கூடாது. சனிக்கிழமை வீட்டுக்கு வா, பேசிப் பார்க்கலாம்.