தங்கச்சிக்காகக் கேட்கிறேன், கிளிநொச்சியில் யாரைப் பார்க்கலாம்?

வணக்கம் உறவுகளே. நாங்கள் பரந்தன் பக்கம். தங்கச்சிக்கு மூன்று வருடமாகக் கார்மென்ட்ஸில் வேலை. நாள் முழுக்கச் சட்டையின் இடது பொக்கெற் மட்டும்தான் தைக்கிறாள். முழுச் சட்டையை அவள் கண்டதே இல்லை.

இப்போது வீட்டிலும் கை நிற்பதில்லை. தலையணை உறையின் மூலையை மடித்து, நகத்தால் அழுத்தி, பிரித்து, திரும்ப மடிக்கிறாள். எண்ணிக்கை பிழைத்தால் முதலிலிருந்து. நேற்று இரவு 2 மணிக்கும் லைற் எரிந்தது. பெருவிரல் தோல் உரிந்துவிட்டது. "நிப்பாட்டினா நெஞ்சு படபடக்குது அக்கா" என்கிறாள். அம்மா கோயில் நூல் கட்டிவிட்டிருக்கிறா. சரி, அது அம்மாவின் ஆறுதல். எனக்கு இது வைத்தியம் பார்க்க வேண்டிய வருத்தமாகத்தான் படுகிறது.

1926 மனநல உதவி இலக்கம் தெரியும். ஆனால் இவள் ஆளை நேரில் பார்த்தால்தான் வாய் திறப்பாள். கிளிநொச்சி ஆஸ்பத்திரியில் மனநலக் கிளினிக் எந்தக் கிழமை? பொறுமையாகக் கதைக்கிற பெண் டொக்டர் யாராவது இருக்கிறாரா? வேலையை விடாமல் வேறு பகுதிக்கு மாறியவர்கள் இருந்தால், எப்படிக் கேட்டீர்கள் என்றும் சொல்லுங்கள்.